பெப்பர் என்றால் மிளகு

1

இந்தக் கதைக்குக் காரணம் ஒரு வாரப் பத்திரிகையின் இணைப்புப் புத்தகம். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் யாராவது இதில் தரிசனம், தேடல் என்று ஆரம்பித்துவிடுவார்கள். தீபாவளிக்கு 'எழுத்தாளர் வீட்டு அடுப்பு' என்று ஒரு இணைப்பு கொண்டுவருகிறார்களாம். வீட்டிலேயே சுலபமாகச் செய்யக்கூடிய ஒரு வெளிநாட்டுச் சமையல், ஒரு பக்கத்துக்கு மிகாமல். கூடவே எழுத்தாளர் கரண்டி பிடித்து நிற்கிற புகைப்படம். ஆறு வருஷமாகக் கதை எழுதுகிறேன், ஒருத்தரும் என் போட்டோவைக் கேட்டதில்லை. பேனாவுக்கு இல்லாத மரியாதை கரண்டிக்கு வந்திருக்கிறது.

எனக்குத் தெரிந்த வெளிநாட்டுச் சமையல் ஒன்றே ஒன்று. அமெரிக்காவில் சீனாக்காரர்கள் கடை போட்டு விற்கிற மாட்டுக்கறி வறுவல். பெப்பர் ஸ்டேக் என்று பெயர். மெல்லிசாக அரிந்த கறி, சோயா சாஸ், வெங்காயம், கொஞ்சம் சோள மாவு, பெப்பர். அரை மணி நேர வேலை. எழுதி அனுப்பினேன். உதவி ஆசிரியர் போன் செய்தார்.

"சார், மாட்டுக்கறின்னு போட்டா வாசகிகள் சங்கடப்படுவாங்க. காளான்னு மாத்திக்கலாமா?"

சங்கடப்படுவார்கள் என்று எப்படித் தெரியும் என்று கேட்டேன். "வீட்ல கேட்டுப் பாத்தேன் சார்" என்றார். லட்சம் பிரதி விற்கிற பத்திரிகையின் வாசகர் கருத்து அவர் சமையலறையிலிருந்து வருகிறது. போகட்டும். அடுத்து ஒன்று கேட்டார்.

"அப்புறம் சார், பெப்பர் ரெண்டு கைப்பிடின்னு எழுதியிருக்கீங்க. படத்துக்காக இங்கிலீஷ் புஸ்தகம் ஒண்ணு எடுத்தோம். அதுல பச்சையா குடமிளகாய் இல்ல இருக்கு? கிரீன் பெப்பர்னா அதானே?"

நான் போனை வைத்துவிட்டேன். ஐந்து வருஷத்துக்கு முன்னால் செய்த தப்பு ஒன்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. அந்தத் தப்பு பரவாயில்லை, சின்னது. அதன் பக்கத்திலேயே பெரிதாக இன்னொன்று இருக்கிறது. அது எனக்கு எப்போதுமே தெரியும். சமையல் குறிப்பைத் திரும்ப வாங்கிக்கொண்டு அதற்குப் பதிலாக இதை எழுதுகிறேன்.

2

முதல் ஆரம்பம்: "ஆரணியின் தெருக்களில் தறிச் சத்தம் கேட்டுக்கொண்டே

அடித்துவிட்டேன். ஆரணி என்றதும் தறிச் சத்தத்தைப் போட்டு ஆரம்பிக்கிறவர்கள் பஸ் ஸ்டாண்டைத் தாண்டி ஊருக்குள் வந்ததில்லை.

இரண்டாம் ஆரம்பம்: "எண்பத்து நான்காம் வருஷம் ஜூன் மாதம், அமெரிக்காவிலிருந்து சின்னதுரை வந்து இறங்கியபோது

இதுவும் வேண்டாம். இவனிலிருந்து ஆரம்பித்தால் தன்னைக் கதாநாயகன் என்று நினைத்துக்கொள்வான். ஏற்கெனவே அப்படித்தான் நினைப்பு.

மூன்றாம் ஆரம்பம்: "அருணாச்சலம் வீட்டுச் சமையலறை எந்தப் பக்கம் இருக்கிறது என்று காசியம்மாளுக்குத் தெரியும். உள்ளே எப்படி இருக்கும் என்று தெரியாது."

இது இருக்கட்டும்.

காசியம்மாள் அந்த வீட்டில் பதினேழு வருஷமாக வேலை செய்கிறாள். வாசல் கழுவுவது, தோட்டம் பெருக்குவது, மாட்டுக்குத் தீனி வைத்துச் சாணி அள்ளுவது. அருணாச்சலம் ஆரணியில் பேர் சொன்னால் தெரிகிற பட்டு ஜவுளிக்காரர். முட்டை கூட நுழையாத வீடு. வெள்ளிக்கிழமை தோறும் மாட்டுக்கு மஞ்சள் குங்குமம் வைத்து, அதன் பின்பக்கத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வார். அந்தப் பின்பக்கத்தை விடிகாலையில் கழுவி வைத்தது யார் என்று அவர் ஒரு நாளும் கேட்டதில்லை. காசியம்மாளுக்குத் தினமும் காப்பி உண்டு. கிணற்றடி மாடத்தில் அவளுக்கென்று ஒரு அலுமினியத் தம்ளர் கவிழ்த்திருக்கும். அருணாச்சலத்தின் மனைவி ராஜம்மாள் ஒரு முழ உயரத்திலிருந்து அதில் ஊற்றுவாள். ஒரு சொட்டுச் சிந்தாது. அந்தத் திறமையை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன்.

அந்த வருஷம் தை மாதம் காசியம்மாள் தன் ஒரே மகள் அம்மணியைக் களம்பூரில் கட்டிக்கொடுத்தாள். மாப்பிள்ளை பேர் சின்னப்பையன், ரைஸ் மில்லில் நெல் அவிக்கிறவன். முதலாளி வீட்டுக்குத் தட்டில் வெற்றிலை பாக்கு வைத்து அழைத்தாள். வந்தார்கள். வரவில்லை என்று நான் சொல்லக் கூடாது, வந்தார்கள். காலனி முனையில், பந்தலுக்கு வெளியே நாற்காலி போட்டு உட்கார்ந்து, கண்ணெதிரே உடைத்த கோலி சோடா ஆளுக்கு ஒன்று குடித்துவிட்டு எழுந்து போனார்கள். மூடியிருக்கிற புட்டிக்குச் சாதி கிடையாது என்பது எங்கள் ஊர்க்காரர்கள் கண்டுபிடித்தது. மாப்பிள்ளையின் அம்மா கிருஷ்ணம்மாள் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"பதினேழு வருசமா அந்த ஊட்ல கீறேன்னு பெருமையா சொல்லிகினு இருந்தியே சம்மந்தி. ஒரு வாய் சோறு துன்னலியே அவங்க" என்றாள்.

 காசியம்மாளுக்கு அவமானமாக இருந்தது. இந்த வாக்கியத்தை வேறு மாதிரி, அழகாக எழுதிப் பார்த்தேன். அழகாக எழுதினால் அவமானம் போய்விடுகிறது.

3

இனி அமெரிக்காக்காரன். சின்னதுரை, அருணாச்சலத்தின் ஒரே பையன். ஓஹியோ மாநிலத்தில் நாலு வருஷம் இன்ஜினியரிங் படித்துவிட்டு லீவில் வந்திருந்தான். வந்த மூன்றாம் நாளே சாம்பார் தண்ணீராக இருந்தது, கூட்டு கூழாக இருந்தது, மோர் புளித்தது. இவனை இருபது வயது வரைக்கும் வளர்த்ததே அந்தச் சாம்பார்தான்.

"சனிக்கிழமை ஆனா அங்க சைனீஸ் கடையில பெப்பர் ஸ்டேக் சாப்பிடுவேம்மா. அது இல்லாம நாக்கு செத்துப்போச்சு. டிக்கெட்ட மாத்திகிட்டு முன்னாடியே கிளம்பிடலாம்னு பாக்கறேன்" என்றான்.

ராஜம்மாள் முதலில் அதை ஏதோ கேக் என்று நினைத்தாள். என்னவென்று தெரிந்ததும் தலையில் அடித்துக்கொண்டு பூஜை அறையில் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். அரை மணி நேரத்தில் வெளியே வந்தாள். அடுத்த வாரம் தேசூரில் பெண் பார்க்கப் போக வேண்டும். அதற்குள் இவன் கிளம்பிவிட்டால் என்ன ஆவது?

[அந்த அரை மணி நேரம் அவள் மனத்துக்குள் நடந்த போராட்டத்தை ஒன்றரைப் பக்கம் எழுதினேன். தாய்மை, தர்மம், கண்ணீர் எல்லாம் வந்தது. கிழித்துப் போட்டேன். அவளுக்கு அரை மணி நேரம்தான் தேவைப்பட்டது, அதற்கு ஒன்றரைப் பக்கம் அதிகம்.]

மறுநாள் காலை கிணற்றடியில் ராஜம்மாள் குரலைத் தாழ்த்திக்கொண்டு பேசினாள்.

"காசி, உங்க வீட்ல பெரிய கறி ஆக்குவீங்க இல்ல?"

மாட்டுக்கறிக்கு எங்கள் பக்கத்தில் வெளியே சொல்கிற பெயர் பெரிய கறி. காசியம்மாள் துடைப்பத்தை நிறுத்தினாள். பதினேழு வருஷத்தில் அவள் வீட்டு அடுப்பைப் பற்றி அங்கே ஒருவரும் கேட்டதில்லை. வேலை போகப் போகிறது என்றுதான் நினைத்தாள்.

"எப்பனா ஞாயித்துக்கெழமைங்கம்மா. தலைக்கு ஊத்திகினுதான் மறுநாளு இங்க வருவேன்."

"அய்ய, அதுக்குக் கேக்கல. தம்பிக்கு வேணுமாம்."

"எந்தத் தம்பிக்கு?"

"நம்ம தம்பிக்குத்தான், மெதுவாப் பேசு. அங்க டாக்டருங்களே சாப்பிடச் சொல்றாங்களாம். மருந்துன்னு வெச்சுக்கோ. உங்க வீட்ல செஞ்சுடு. நம்ம கடை வேணு கேரியர்ல வாங்கிட்டு வந்துடுவான்."

சொல்லிவிட்டு, செய்தித்தாளில் சுற்றிய ஒன்றைத் துணி துவைக்கிற கல்மேல் வைத்தாள். புத்தம்புது இரும்பு வாணலி. அன்று காலைதான் கடைத்தெருவில் வாங்கியது, விலைச்சீட்டு கூட உரிக்கவில்லை.

"இதுல செய். உங்க சட்டியில வேணாம். சுத்தமா இருக்கட்டும்."

இதை நான் கற்பனை செய்யவில்லை. இவ்வளவு எனக்குக் கற்பனை வராது. அந்த வீட்டுக்குள் மாட்டுக்கறி போகலாம். காசியம்மாளின் சட்டியில் வெந்தது போகக் கூடாது. மாட்டுக்கே இல்லாத தீட்டு மண்சட்டிக்கு இருக்கிறது. [இதற்கு ஒரு உவமை வேண்டும் என்று இரண்டு நாள் தேடினேன். உலகத்தில் இதைப் போல வேறு எதுவும் இல்லை.]

காசியம்மாள் வாணலியைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றாள். அப்புறம் சொன்னாள்.

"செய்றேங்கம்மா. ஆனா தம்பி எங்க ஊட்டுக்கு வந்து குந்தி சாப்புடணும்."

"என்னடி சொல்ற?"

"அத சூடா துன்னணுங்கம்மா. கேரியர்ல போட்டு ஆறிப்போச்சுன்னா ரப்பரு மாரி ஆயிடும்."

"பாக்கலாம்" என்றாள் ராஜம்மாள்.

எங்கள் ஊரில் 'பாக்கலாம்' என்றால் இல்லை என்று அர்த்தம். காசியம்மாளுக்கும் அது தெரியும். அதனால் சின்னதுரை பல் விளக்கத் தோட்டத்துக்கு வந்தபோது அவனிடமே கேட்டாள். அவன் வாய் நிறைய நுரையோடு, "ஓ, வொய் நாட்? வரேன். அமெரிக்காவுல இதெல்லாம் யாரு பாக்கறா? ஞாயித்துக்கிழமை ஒரு மணிக்கு வந்துடறேன்" என்றான். கையைக் கூட நீட்டினான், குலுக்குவதற்கு. காசியம்மாள் சாணிக் கையைப் பின்னால் மறைத்துக்கொண்டாள்.

அவள் அன்று சாயங்காலமே களம்பூர் பஸ்ஸில் போகிற ஒருத்தியிடம் மகளுக்குச் சொல்லி அனுப்பினாள்: ஞாயிற்றுக்கிழமை மாப்பிள்ளையோடு வா. சம்பந்தியம்மாவையும் கட்டாயம் இட்டுகினு வா.

அவளுக்கு வேண்டியது அவ்வளவுதான். அந்த வீட்டு ஆள் ஒருத்தன் இவள் வீட்டுத் தரையில் உட்கார்ந்து இவள் கையால் சாப்பிடுவதைக் கிருஷ்ணம்மாள் பார்க்க வேண்டும்.

4

நண்பர் ஜெயவேல் இதுவரைக்கும் படித்தார். வேலூரில் இலக்கியக் கூட்டம் நடத்துகிறவர். "எல்லாம் சரி. காசியம்மா கேரக்டர்தான் உதைக்குது. அப்படியெல்லாம் எதிர்த்துக் கேக்க மாட்டாங்க சார் அவங்க. உங்க முற்போக்க அவங்க வாயில திணிக்கிறீங்க" என்றார்.

எனக்கும் சந்தேகம் வந்துவிட்டது. ஒரு இரவு முழுக்கக் காசியம்மாளை வாய் பேசாதவளாக மாற்றி எழுதிப் பார்த்தேன். கண்கள் மட்டும் பேசின. தாங்க முடியவில்லை. மறுநாள் ஜெயவேலிடம் அவர் வீட்டில் வேலை செய்கிற பெண்ணின் பேர் என்ன என்று கேட்டேன். யோசித்தார். "நாங்க அந்தம்மான்னுதான் கூப்பிடுவோம்" என்றார். ஆகவே காசியம்மாள் கேட்டபடியே கேட்கிறாள். ஒரு எழுத்தும் மாற்றப் போவதில்லை.

5

இப்போது வேணு. முழுப்பெயர் வேணுகோபால், இருபத்தாறு வயது. அருணாச்சலத்தின் கடையில் இங்கிலீஷில் கடிதம் எழுதுகிறவன். அவன் நான்தான். 'நான்' என்று எழுதினால் என்மேல் எனக்கே பரிதாபம் வந்துவிடுகிறது. 'அவன்' என்று வைத்துக்கொண்டால் தாராளமாகத் திட்டலாம்.*

* அவன் அப்போதே இரண்டு கதை பிரசுரித்திருந்தான். இரண்டிலும் ஏழைகள் இருந்தார்கள். இரண்டிலும் கடைசியில் மழை பெய்தது.

சின்னதுரை அமெரிக்கப் பத்திரிகை ஒன்றிலிருந்து கிழித்த தாளைக் கொடுத்து, "இத அந்தம்மாவுக்குப் புரியற மாதிரி தமிழ்ல எழுதிக் குடு வேணு" என்றான். அவன் சாப்பிட்டிருக்கிறானே தவிர அந்தப் பண்டத்தில் என்ன இருக்கிறது என்று ஒரு நாளும் கிளறிப் பார்த்ததில்லை. வேணுவுக்கோ இங்கிலீஷ் தெரியும் என்கிற திமிர். அகராதியைத் தொடாமல் ஒரே மூச்சில் எழுதினான்.

கறியை 'அக்ராஸ் த கிரெயின்' அரிய வேண்டும் என்று இருந்தது. 'தானியத்துக்குக் குறுக்கே அரியவும்' என்று எழுதினான். 'டூ லார்ஜ் கிரீன் பெப்பர்ஸ்' என்று இருந்தது. பெப்பர் என்றால் மிளகு. இது மூன்றாம் வகுப்புப் பிள்ளைக்கும் தெரியும். ஆனால் இரண்டு மிளகை வைத்துக்கொண்டு என்ன செய்வது, பெரியதாகவே இருந்தாலும்? அச்சுப்பிழை என்று முடிவு செய்து, 'நல்ல பெரிய மிளகு, இரண்டு கைப்பிடி' என்று திருத்தினான். அமெரிக்கப் பத்திரிகையின் பிழையைத் திருத்திவிட்டோம் என்று அன்றைக்கு முழுக்க அவனுக்குச் சந்தோஷம்.

காலனி முனையில் சைக்கிளை நிறுத்திக் காசியம்மாளுக்கு அதைப் படித்துக் காட்டினான்.

"தானியமா? கறியில ஏது சார் தானியம்?" என்றாள் அவள்.

"அங்க எல்லாம் அப்படித்தான் போலிருக்கு."

"நாருக்குக் குறுக்க அரின்னு சொல்லிக் கீறான். அப்பத்தான் மெத்துனு இருக்கும். இத வெள்ளக்காரன் சொல்லணுமா? மேல படிங்க."

படித்தான். வெங்காயம், எண்ணெய், மிளகு இரண்டு கைப்பிடி. காசியம்மாள் முகத்தில் மெதுவாகச் சிரிப்பு வந்தது.

"இது எங்க ஊட்டு மெளகுக் கறியாச்சே சார். கறுப்பு சாசு ஒண்ணுதான் புச்சு. இதத் துன்றதுக்கா தம்பி அம்மாந்தொலவு போயி வந்தாரு?"

வேணு சிரித்தான். அவள்கூடச் சேர்ந்து சிரிப்பதே ஒரு பெரிய புரட்சி என்று அவனுக்கு நினைப்பு. சைக்கிளை விட்டு இறங்கவில்லை என்பதையும் இங்கே எழுதிவிடுகிறேன்.

6

ஞாயிற்றுக்கிழமை. விடிந்ததும் காசியம்மாள் சந்தைமேட்டுக்குப் பின்னால் போய், தொடைக் கறியாகப் பார்த்து இலையில் கட்டி வாங்கிவந்தாள். அரிவாள்மணையில் உட்கார்ந்து, நாருக்குக் குறுக்கே, விரல் நீளத்துக்குத் தாள் போல அரிந்தாள். சின்னதுரை கொடுத்தனுப்பிய சாஸ் புட்டியைத் திறந்து மோந்து பார்த்து, "கருவாட்டுத் தண்ணி மாரி கீது" என்று முகம் சுளித்து, ஆனாலும் எழுதியிருந்தபடியே ஊற்றிப் பிசறினாள். சோள மாவு தூவினாள். மிளகை அம்மியில் வைத்து ஒன்றிரண்டாக நுணுக்கினாள்.

புது வாணலி செய்தித்தாள் சுற்றியபடியே மூலையில் இருந்தது. அம்மணி அதை எடுத்துக்கொண்டு வந்து கொடுத்தாள்.

"அது வோணாம். நம்ம சட்டிய எடு" என்றாள் காசியம்மாள்.

"இதுல செய்யச் சொன்னாங்கன்னியே."

"எங்க ஊட்டுக்கு வந்தா எங்க சட்டிதான்."

கூடத்தில் பாய் விரித்து, பாய்க்கு முன்னால் தரையைத் துடைத்து, தலைவாழை இலை ஒன்று போட்டாள். கிருஷ்ணம்மாள் சுவரில் சாய்ந்து உட்கார்ந்து வாசலையே பார்த்துக்கொண்டிருந்தாள். சின்னப்பையன் புதுச் சட்டையில் நெளிந்துகொண்டிருந்தான். காசியம்மாள் அடுப்பை நன்றாக எரியவிட்டு, எண்ணெய் புகைந்ததும் கறியைக் கொட்டிக் கிளறினாள். மிளகு போட்டதும் தெருவில் பாதிப் பேர் தும்மினார்கள். சோறு தயார், கறி தயார். மணி ஒன்று ஆனது.

[இங்கே காத்திருப்பதைப் பற்றி ஒரு பத்தி இருந்தது. நிழல் நகர்ந்தது, காகம் கரைந்தது, இலை வாடியது. காத்திருந்தவளுக்கு இதெல்லாம் கண்ணில் பட்டிருக்காது.]

ஒன்றரை. காசியம்மாள் இரண்டு தடவை எழுந்து வாசலுக்குப் போய் வந்தாள். கிருஷ்ணம்மாள் ஒன்றும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் கூடத் தேவலாம் என்று இருந்தது காசியம்மாளுக்கு.

இரண்டு மணிக்கு வேணு வந்தான். கையில் நாலு அடுக்குக் கேரியர்.

சின்னதுரை அரை மணி நேரத்துக்கு முன்னால் மாடியில் கண்ணாடி முன் நின்று தலை வாரிக்கொண்டே அவனிடம் சொன்னது இது: "நீயே போய் வாங்கிட்டு வந்துடு வேணு. அங்க போய் உக்கார்றது நல்லாவா இருக்கும்? இது அமெரிக்கா இல்லையே."

வேணு அதைக் காசியம்மாளிடம் அப்படியே சொல்லியிருக்கலாம். "சின்னதுரைக்குத் திடீர்னு வயித்து வலி. கேரியர்ல குடுத்துடச் சொன்னாங்க" என்றான். பொய் சொல்வது அவனுக்கு நன்றாக வரும். அதனால்தான் எழுத்தாளன் ஆனான்.

காசியம்மாள் கேரியரைப் பார்த்தாள். அப்புறம் திரும்பிக் கிருஷ்ணம்மாளைப் பார்த்தாள். அவள் தலையைக் குனிந்துகொண்டாள். இந்தத் தடவை அவளுக்கே கேலி செய்ய மனசு வரவில்லை.

"வயித்து வலின்னா கறி ஆவாது சார். மெளகு வேற ஜாஸ்தி. கஞ்சி வெச்சிக் குடுக்கச் சொல்லுங்க. கேரியர எடுத்துகினு போயிடுங்க" என்றாள் காசியம்மாள். குரல் சாதாரணமாகத்தான் இருந்தது. மூலையில் இருந்த வாணலியை எடுத்துவந்து செய்தித்தாளோடு அவன் காலடியில் வைத்தாள்.

"இத அம்மாகிட்ட குடுத்துடுங்க. தொடவேயில்லன்னு சொல்லுங்க."

வேணு வாணலியை எடுக்கக் குனிந்தான்.

"இருங்க. அது கெடக்குது. நீங்க குந்துங்க சார்" என்றாள்.

"நானா?"

"நீங்கதான எழுதிக் குடுத்தீங்க? எல போட்டுக் கீது. சோறு ஆறுது. அந்த ஊட்டு ஆளுதான நீங்களும்? குந்தி ரெண்டு வாய் துன்னுட்டுப் போங்க."

7

முடிவுகள்.

அ) வேணு உட்கார்ந்தான். சாப்பிட்டான். மிளகுக் காரத்தில் கண்ணில் தண்ணீர் வந்தது, அது காரத்தால் மட்டுமல்ல. கிருஷ்ணம்மாள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். இந்த முடிவைத்தான் ஐந்து வருஷமாகக் கூட்டங்களில் சொல்லிக்கொண்டிருக்கிறேன், நடந்ததாக. திருவண்ணாமலையில் எழுந்து நின்று கைதட்டினார்கள். ஜெயவேல் என்னைக் கட்டிக்கொண்டார். இது பொய்.

ஆ) வேணு வீட்டுக்கு ஓடிப் போய்ச் சின்னதுரையின் சட்டையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்தான். இது பொய் கூட இல்லை, சினிமா.

இ) காசியம்மாள் அருணாச்சலம் வீட்டு வாசலுக்கே போய்ச் சட்டியைப் போட்டு உடைத்தாள். இதை எழுதும்போது எனக்கு நிம்மதியாக இருந்தது. அந்த நிம்மதிக்காகவே அடித்துவிட்டேன். நான் செய்யாததற்கெல்லாம் சட்டியை உடைக்க அவளை அனுப்புவது என்ன நியாயம்? சட்டி அவளுடையது.

ஈ) நடந்தது.

வேணு ஞாயிற்றுக்கிழமை தவறாமல் ஆட்டுக்கறி தின்கிறவன். வெங்காய பஜ்ஜி மாதிரி முட்டை தின்கிறவன். நான் சைவம் என்று சொல்ல முடியாது, ஊருக்கே தெரியும். பெரிய கறி சாப்பிட மாட்டேன் என்று சொல்லலாம், சொல்லியிருந்தால் அது உண்மையாகவாவது இருந்திருக்கும். ஆனால் அவன் முற்போக்கானவன் அல்லவா, அப்படியெல்லாம் சொல்ல அவனுக்கு வாய் வராது. இலையைப் பார்த்தான், சட்டியைப் பார்த்தான். அந்தச் சட்டியைத்தான் பார்த்தான், உள்ளே இருந்த கறியை இல்லை. ராஜம்மாளை நான் இத்தனை பக்கம் கிழித்தேனே, அதே பார்வைதான்.

"இன்னிக்குக் கிருத்திகைம்மா. நான் விரதம்" என்றான்.

 காசியம்மாள் அவனை நேராகப் பார்த்தாள்.

"கிருத்திக போன வியாழக்கெழம போயிடுச்சிங்களே சார்" என்றாள். "கிருத்திகன்னா அந்த ஊட்ல கருக்கல்லயே எட்டுக் கொடம் தண்ணி விட்டு வாசக் கழுவணும். பதினேழு வருசமா நாந்தான் கழுவறேன். எனக்குத் தெரியாதா?"

கோபமே இல்லாமல் சொன்னாள். கோபமாகச் சொல்லியிருந்தால் அவனுக்குத் திருப்பிக் கோபப்பட ஒரு வழி இருந்திருக்கும்.

அப்புறம் காசியம்மாள் பாயில் போய் அவளே உட்கார்ந்தாள். சின்னதுரைக்குப் போட்ட இலையில். "அம்மணி, சோறு போடு" என்றாள். அம்மணி போட்டாள், கறியும் அள்ளி வைத்தாள். எல்லோரும் பார்க்க, வேணுவும் பார்க்க, அவள் பிசைந்து ஒரு வாய் சாப்பிட்டாள். மென்று விழுங்கினாள்.

"நல்லாத்தான் கீது. காரந்தான் கொஞ்சம் தூக்கல்" என்று கிருஷ்ணம்மாளிடம் சொன்னாள். "நீயும் வந்து குந்து சம்மந்தி."

கிருஷ்ணம்மாள் எழுந்து வந்து அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

8

இதற்கு மேல் என்னால் எழுத முடியவில்லை. வேணுவை வாசலிலிருந்து நகர்த்தப் பார்த்தேன். ஒரு கையில் காலிக் கேரியர், காலடியில் வாணலி. திரும்பிப் போ என்று எழுதினால் போகமாட்டேன் என்கிறான். உள்ளே போ என்று எழுதினால் பேனாவே நகரமாட்டேன் என்கிறது. அவனை அங்கேயே விட்டுவிடுகிறேன். அவனுக்கு வேண்டியதுதான்.

நீங்கள் அவன் பின்னாலேயே நின்றுகொண்டிருக்கிறீர்கள். ராஜம்மாளின் காப்பித் தம்ளருக்குச் சிரித்தீர்கள், வாணலிக்குத் தலையில் அடித்துக்கொண்டீர்கள், இவன் கிருத்திகை என்றதும் காறித் துப்பினீர்கள். எல்லாம் நியாயம். சட்டியில் இன்னும் நாலு பேருக்குக் கறி இருக்கிறது. அம்மணி புதிதாக ஒரு இலை போட்டுத் தண்ணீர் தெளித்துவிட்டு, வாசலில் வேறு யாராவது இருக்கிறார்களா என்று எட்டிப் பார்க்கிறாள். உங்களைத்தான் பார்க்கிறாள். போய் உட்காருங்கள், கதையை நீங்களே முடித்துவிடுங்கள். இல்லை, உங்களுக்கும் இன்றைக்கு ஏதாவது விரதம் என்றால், சொல்வதற்கு முன்னால் பஞ்சாங்கத்தை ஒரு தடவை பார்த்துக்கொள்ளுங்கள். அந்த அம்மாளுக்குத் தேதி எல்லாம் தெரியும்.